மதில் பன்விலவில், தீர்ப்பு கொழும்பில்

அரசாங்க வேலை செய்து பணம் நின்றுபோன கொந்தராத்துக்காரர் யாரிடம் யோசனை கேட்டாலும் கிடைக்கும் பதில் ஒன்றுதான். கோர்ட்டுப் பக்கம் போகாதே, அங்கே போனால் பேரப்பிள்ளை காலத்தில்தான் தீர்ப்பு வரும். ஒப்பந்தத்தில் நடுத்தீர்ப்பு வாசகம் இருக்கிறது, அந்த வழியில் போ. பொறியியலாளர்கள் இதைச் சொல்கிறார்கள். கொழும்பு ஹோட்டல் மண்டபங்களில் நடக்கும் சட்டக் கருத்தரங்குகளிலும் இதுவே பேச்சு. விலைமனுப் பத்திரம் அச்சடிக்கும் திணைக்களங்களும் இதையே நம்புகின்றன. நடுத்தீர்ப்பு விரைவானது, செலவு குறைந்தது, விஷயம் தெரிந்தவர்கள் தீர்ப்பது, வெளியே தெரியாமல் முடிவது என்று நான்கு சிறப்புகளை அடுக்குவார்கள்.

பன்வில போன்ற ஒரு பிரதேசத்தில் நடக்கும் அரசாங்க வேலைகளைப் பொறுத்தவரை முதல் மூன்றும் உண்மையில்லை. நான்காவது உண்மைதான், ஆனால் பொதுப்பணம் சம்பந்தப்பட்ட இடத்தில் அது சிறப்பே இல்லை.

வத்தேகமையைத் தாண்டி நக்கிள்ஸ் மலைத்தொடரின் அடிவாரத்தில் ஏறும் வீதியில் இருக்கிறது பன்வில. மேலே மடுல்கலைப் பக்கத் தேயிலைத் தோட்டங்கள், கீழே ஹுலுகங்கை. பெய்கிற மழைக்கு வீதியோர மண்மேடு எப்போது இறங்கும் என்று சொல்ல முடியாது. இங்கே அரசாங்கக் கட்டுமானம் என்றால் அதிவேக நெடுஞ்சாலை என்று யாரும் நினைக்க மாட்டார்கள். ஒரு மதகு, இருநூறு மீற்றர் பக்கக்கான், பாடசாலைக்கு இரண்டு வகுப்பறை, லயத்துக்கு ஏறும் கொங்கிறீட் பாதை, சரிந்த வளைவுக்கு ஒரு தாங்குமதில், இவ்வளவுதான். தோட்டத்து உள்வீதிகள் கம்பனிக்குரியவை என்பதால் பிரதேச சபை அங்கே காசு செலவழிக்க முடியாது என்ற தடை நெடுங்காலம் இருந்தது. 1987ஆம் ஆண்டின் பிரதேச சபைச் சட்டம் 2018இல் திருத்தப்பட்ட பிறகுதான் அந்தக் கதவு திறந்தது. ஆகவே இந்த மாதிரிச் சின்ன வேலைகள் இனிக் கூடுமே தவிரக் குறையாது. இவற்றை எடுத்துச் செய்பவர் கையில் ஒரு மிக்சர், இரண்டு பாஸ்மார், பத்துப் பன்னிரண்டு கூலியாட்கள், ஹார்ட்வெயார் கடையில் ஒரு கடன் கொப்பி. அவ்வளவுதான் அவருடைய கம்பனி.

தகராறு எப்படிப் பிறக்கிறது என்று பார்க்காமல் அதை எங்கே தீர்ப்பது என்று பேசிப் பயனில்லை. இந்த மலையில் திரும்பத் திரும்ப நடக்கும் ஒரு கதையை எடுத்துக்கொள்வோம். தாங்குமதில் வேலை. அளவுப் பட்டியலில், அதாவது எல்லாரும் பி.ஓ.கியூ. என்று சொல்கிற பத்திரத்தில், அத்திவாரம் மூன்று அடி. வெட்டிப் பார்த்தால் மூன்று அடியிலும் கொழகொழவென்று மண். தொழினுட்ப உத்தியோகத்தர் மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கி எட்டிப் பார்க்கிறார். "முதலாளி, பாறை வரும் வரைக்கும் வெட்டுங்க. மழைக்கு முந்திக் கல்லுக்கட்டு ஏறலைன்னா மேல இருக்கிற லயமே கீழ வந்துரும். வேரியேஷனை நான் போட்டுக்கிறேன்." "சரி சேர்." ஏழடியில் பாறை தட்டுகிறது. கூடுதலாக இத்தனை கியூப் கருங்கல், இத்தனை பை சீமெந்து, அதற்குரிய கூலி. மதில் எழும்புகிறது, மண்ணை மூடுகிறார்கள், லயம் தப்புகிறது. கடைசி பில் போவதற்குள் அந்த உத்தியோகத்தருக்கு இடமாற்றம். புதிதாக வந்தவர் அளவு நாடாவைப் பிடித்து, கண்ணுக்குத் தெரிவதை மட்டும் அளக்கிறார். மண்ணுக்குள் போன நாலடிக்கு எழுத்தில் ஒன்றும் இல்லை. பில் வெட்டப்படுகிறது. உத்தரவாதத்துக்காகப் பிடித்துவைத்த ரிட்டென்ஷன் காசும் அதோடு சேர்ந்து நிற்கிறது.

இப்படி மாட்டிய தொகை எட்டு இலட்சமோ பத்து இலட்சமோ இருக்கும். கொழும்பில் அது காசே இல்லை. பன்விலவில் அது மனைவியின் நகை.

இவரிடம்தான் நடுத்தீர்ப்புக்குப் போ என்கிறோம். போனால் என்ன ஆகும்? 1995ஆம் ஆண்டின் 11ஆம் இலக்க நடுத்தீர்ப்புச் சட்டப்படி, எத்தனை பேர் என்று ஒப்பந்தத்தில் எழுதாவிட்டால் நடுத்தீர்ப்பாளர்கள் மூவர். அவர்களுக்கு அமர்வுக் கணக்கில் கட்டணம். மண்டபத்துக்கு வாடகை. பேசுவதைப் பதிவு செய்பவருக்குக் கூலி. இதற்கு மேல் சொந்தச் சட்டத்தரணி. சட்டத்தரணி கூலி தவிர மற்றதையெல்லாம் இரு தரப்பும் பாதி பாதியாக முன்கூட்டியே கட்ட வேண்டும். திணைக்களம் தன் பாதியைத் திறைசேரியிலிருந்து கட்டும், கொந்தராத்துக்காரர் எங்கிருந்து கட்டுவார்? மாவட்ட நீதிமன்றத்தில் நீதிபதியின் சம்பளத்தை வழக்காளி கொடுப்பதில்லை, கட்டடத்துக்கு வாடகை கொடுப்பதில்லை, எழுதுநருக்குக் கூலி கொடுப்பதில்லை. நடுத்தீர்ப்பு மலிவு என்று சொல்கிறவர்கள் எந்தத் தொகையோடு ஒப்பிட்டுச் சொல்கிறார்கள் என்பதை ஒருபோதும் சொல்வதில்லை. நூறு கோடி ரூபாத் தகராறில் அந்தச் செலவு தூசு. பத்து இலட்சத் தகராறில் அது தகராற்றையே விழுங்கிவிடும்.

மொழிச் செலவு இன்னொன்று. அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரைப்படி, நீதிமன்றத்தில் பயன்படும் மொழி தெரியாத ஒருவருக்கு மொழிபெயர்ப்பாளரை அரசு கொடுக்க வேண்டும். கண்டி நீதிமன்றத்தில் வழக்கு சிங்களத்தில் நடந்தாலும் தோட்டத்துத் தமிழருக்கு அந்த உரிமை எழுத்தில் இருக்கிறது. நடைமுறையில் உள்ள குறைகளைச் சண்டை போட்டாவது கேட்கலாம். தனியார் நடுத்தீர்ப்பு மண்டபத்தில் அப்படி ஓர் உரிமை கிடையாது. அங்கே பத்திரமும் ஆங்கிலம், வாதமும் ஆங்கிலம். மொழிபெயர்ப்பாளர் வேண்டுமா, கூட்டிக்கொண்டு வா, காசு நீ கொடு.

அடுத்தது விரைவு. இந்த இடத்தில் எதிர்த்தரப்பு ஓர் எண்ணை எடுத்து மேசையில் போடும். உலக வங்கியின் வணிகச் சூழல் அறிக்கையின் கடைசிப் பதிப்பின்படி, இலங்கையில் ஓர் ஒப்பந்தத்தை நீதிமன்றம் மூலம் நிறைவேற்ற 1,318 நாட்கள் ஆகின்றன. நான் அதை மறுக்கவில்லை. தரவுக் குளறுபடிகளால் அந்த அறிக்கைத் தொடரையே 2021இல் உலக வங்கி நிறுத்திவிட்டது என்பதையும் பெரிதுபடுத்தப் போவதில்லை. தவணைக்கு மேல் தவணை போட்டு அலைக்கழிக்கும் நீதிமன்றத்தை இந்த நாட்டில் எல்லாருக்கும் தெரியும். கேட்க வேண்டியது, நடுத்தீர்ப்பு அந்த நீதிமன்றத்திலிருந்து தப்பிக்க வழி தருகிறதா என்பதைத்தான்.

தருவதில்லை. தீர்ப்பு கையில் கிடைத்ததும் திணைக்களம் காசோலை எழுதப் போவதில்லை. சட்டத்தின் 32ஆம் பிரிவின் கீழ் அதை இரத்துச் செய்யக் கோரி 60 நாட்களுக்குள் மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம். வென்றவரும் சும்மா இருக்க முடியாது. தீர்ப்பை நிறைவேற்ற 31ஆம் பிரிவின் கீழ் அதே நீதிமன்றத்தில் மனுப் போட வேண்டும், அதற்கும் காலக்கெடு உண்டு. அந்த மேல் நீதிமன்றம் நடைமுறையில் கொழும்பில் இருப்பது. அதன் உத்தரவுக்கு எதிராகச் சட்டப் பிரச்சினை ஒன்றை எழுப்பி, 37ஆம் பிரிவின் கீழ் அனுமதி பெற்று, நாட்டின் அதியுயர் மன்றமான உயர் நீதிமன்றம் வரை போகலாம். ஆக, கோர்ட்டைத் தவிர்ப்பதற்காக நடுத்தீர்ப்புக்குப் போனவர் கடைசியில் இரண்டு கோர்ட்டுப் படிகளில் ஏறுகிறார், அதுவும் கண்டியிலிருந்து நூறு கிலோமீற்றருக்கு மேல் தள்ளி இருக்கும் படிகளில். நடுத்தீர்ப்புக்குச் செலவான காலம் இதற்கு முன்னால் ஒட்டிக்கொள்கிறது.

அந்தக் காலமும் குறைவில்லை. நடுத்தீர்ப்பாளர்கள் பெரும்பாலும் ஓய்வுபெற்ற நீதிபதிகள், மூத்த பொறியியலாளர்கள். வாதாடுபவர்களோ பகலெல்லாம் நீதிமன்றத்தில் நிற்கும் சட்டத்தரணிகள். எல்லாருக்கும் ஒத்து வருவது மாலை நேரம், அதுவும் இரண்டு மூன்று மணித்தியாலம். ஒரு சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்து முடிக்கவே பல மாலைகள் போகும். ஐந்து டயரிகளில் ஒரே நாள் காலியாக இருக்க வேண்டும் என்று பார்த்துத் திகதி குறிப்பதை நீதிமன்றத் தவணையை விட மேலானது என்று எப்படிச் சொல்கிறார்கள் என்பது எனக்கு விளங்கவில்லை.

இதற்குப் பதிலாகத் தீர்ப்பின் இறுதித்தன்மையைக் காட்டுவார்கள். சதர்ன் குரூப் சிவில் கன்ஸ்ட்ரக்ஷன் எதிர் ஓஷன் லங்கா வழக்கில், சட்டத்தில் சொன்ன காரணங்களுக்கு வெளியே போய் நடுத்தீர்ப்பை நீதிமன்றம் புரட்டிப் பார்க்க முடியாது என்று உயர் நீதிமன்றம் கூறியது, 2002ஆம் ஆண்டு சட்ட அறிக்கைகளில் அது இருக்கிறது. நல்ல தீர்ப்புத்தான். ஆனால் அதன் இரண்டாவது முனையைப் பாருங்கள். நடுத்தீர்ப்பாளர்கள் நாலடி அத்திவாரத்தை நம்ப மறுத்துவிட்டால், அந்தத் தவறைத் திருத்த மேன்முறையீடு கிடையாது. மாவட்ட நீதிபதி தவறினால் மேலே ஒரு படி இருக்கிறது. தோற்கவே போகிற மனுவை வைத்துக்கொண்டு திணைக்களம் காலம் கடத்துவதையும் இந்த இறுதித்தன்மை தடுக்காது. மனு தள்ளுபடியாவதற்கும் காலம் வேண்டும். காலம் போகப் போக நோவது ஒரு தரப்புக்குத்தான்.

திணைக்களம் ஏன் இப்படிச் செய்கிறது? கெட்ட எண்ணம் என்று சொல்வது சுலபம். காரணம் அதைவிடச் சாதாரணமானது. பிரதேச சபையிலோ திணைக்களத்திலோ இருக்கும் உத்தியோகத்தருக்கு, அந்த நாலடி உண்மையிலேயே வெட்டப்பட்டது என்று மனதுக்குள் தெரியும். ஊருக்கே தெரியும். ஆனால் கடிதம் இல்லாத வேலைக்குக் கையெழுத்துப் போட்டால் நாளைக்குக் கணக்காய்வு வினா வரும். பதில் எழுத வேண்டியவர் அவர், சம்பளத்தில் பிடிக்கப்பட்டால் அதுவும் அவருடையது. கொடுக்காமல் விட்டதற்காக இதுவரை எந்த உத்தியோகத்தரிடமும் யாரும் விளக்கம் கேட்டதில்லை. ஆகவே அவருக்குத் தேவைப்படுவது ஒரு காப்பு, அரச முத்திரையோடு மேலேயிருந்து வரும் ஓர் உத்தரவு. நீதிமன்றத் தீர்ப்பு அந்தக் காப்பைத் தருகிறது. தனியார் மூவர் கையெழுத்திட்ட தீர்ப்பு தருவதில்லை. அதை ஏற்றுக்கொண்டால் "ஏன் இதை மேல் நீதிமன்றத்தில் எதிர்க்கவில்லை" என்ற கேள்வி பின்னால் வரும். அதனால் கோப்பு சட்டமா அதிபர் திணைக்களத்துக்குப் போகிறது, அங்கிருந்து மேல் நீதிமன்றத்துக்குப் போகிறது. நடுத்தீர்ப்பை ஆதரித்துப் பேசுபவர்கள் சட்டப் புத்தகத்தைப் படித்த அளவுக்கு ஓர் அரசாங்கக் கந்தோரைப் படித்ததில்லை.

மூன்றாவது சிறப்பு, விஷயம் தெரிந்தவர்கள். அதிவேக நெடுஞ்சாலையின் மண் உறுதிப்பாடு பற்றியோ, சுரங்கத்தில் நீர் கசிந்தது பற்றியோ தகராறு என்றால் மூத்த பொறியியலாளர்கள் உட்கார்ந்து கேட்பதில் அர்த்தம் உண்டு. பன்வில மதிலில் என்ன பொறியியல் புதிர்? யார் வெட்டச் சொன்னது, எவ்வளவு ஆழம், எத்தனை கியூப், காசு எவ்வளவு. சாட்சி சொல்லப் போவது பாஸ், கல் ஏற்றி வந்த லொறிக்காரர், மேல் லயத்தில் குடியிருப்பவர். சந்தேகம் இருந்தால் ஓரிடத்தில் தோண்டிப் பார்த்தால் தெரிந்துவிடும். யார் பொய் சொல்கிறார் என்று கண்டுபிடிப்பதில் மாவட்ட நீதிபதியை விட நிபுணர் யார்? அளவெடுக்க வேண்டுமென்றால் ஆணையாளர் ஒருவரை அனுப்பும் அதிகாரம் அந்த நீதிமன்றத்துக்கு உண்டு. காணிப் பிரிவினை வழக்குகளில் நில அளவையாளருக்கு ஆணை கொடுத்து, வரைபடம் வாங்கி, எல்லைக் கல் வரை பார்த்துத் தீர்ப்பது கண்டியில் அன்றாடம் நடப்பது. பலா மரத்தில் எட்டில் ஒரு பங்கு யாருக்கு என்று தீர்மானிக்கத் தெரிந்த நீதிமன்றத்துக்கு மதிலின் அத்திவாரத்தை அளக்கத் தெரியாதாம்.

விலை ஏற்றச் சூத்திரம் மட்டும் கொஞ்சம் சிக்கல் என்று ஒப்புக்கொள்கிறேன். நிர்மாணக் கைத்தொழில் அபிவிருத்தி அதிகார சபையின் சூத்திரத்தில் 0.966 என்ற குணகம், ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு சுட்டெண், மாதாமாதம் வெளியாகும் அட்டவணை என்று எல்லாம் இருக்கிறது. 2022 நெருக்கடியில் சீமெந்து விலை இருமடங்குக்கு மேல் ஏறியபோது, அந்தச் சூத்திரம் தங்கள் ஒப்பந்தத்தில் சேர்க்கப்படவே இல்லை என்பதைச் சின்னக் கொந்தராத்துக்காரர்கள் அப்போதுதான் கண்டுபிடித்தார்கள். குறுகிய கால வேலைகளுக்கு அது கிடையாது. மூன்று மாத வேலை, திறைசேரி காசை நிறுத்தியதால் ஒன்றரை வருடம் இழுத்தால் என்ன செய்வது? அது கணக்குக் கேள்வியில்லை, தாமதம் யாருடையது என்ற நியாயக் கேள்வி. அதற்கும் நிபுணர் குழு தேவையில்லை.

இரகசியம் பற்றித்தான் எனக்குக் கோபம் அதிகம். இரண்டு தனியார் கம்பனிகள் தங்கள் சண்டையைக் கதவைச் சாத்திக்கொண்டு தீர்ப்பது அவர்கள் பாடு. பிரதேச சபையின் காசு வரிசெலுத்துபவருடைய காசு. அரைகுறையாக நிற்கும் மதகைத் தாண்டி ஒவ்வொரு நாளும் பள்ளிக்கூடம் போகிற பிள்ளையின் தகப்பனுக்கு, அது ஏன் நிற்கிறது என்று அறியும் உரிமை உண்டு. 2016ஆம் ஆண்டின் தகவலறியும் உரிமைச் சட்டத்தைக் கொண்டுவந்த அதே அரசு, தன் கொந்தராத்துத் தகராறுகளை மட்டும் மூடிய அறையில் வைக்கிறது. இன்னொரு கேடும் உண்டு. நீதிமன்றத் தீர்ப்பு வெளியாகும், சட்டத்தரணிகள் படிப்பார்கள், வாய்மொழி உத்தரவில் செய்த வேலைக்குக் காசு உண்டா இல்லையா என்ற கேள்விக்கு ஒரு பதில் நிலைபெறும். அடுத்த முறை உத்தியோகத்தரும் கொந்தராத்துக்காரரும் அதைப் பார்த்து நடந்துகொள்வார்கள். நடுத்தீர்ப்பில் அதே கேள்விக்கு ஒவ்வொரு அறையிலும் வேறு வேறு பதில் வரலாம், எதுவும் வெளியே தெரியாது. மாதிரி ஒப்பந்தத்தின் ஒரே வாசகத்தைப் பற்றிப் பத்து வருடம் சண்டை பிடித்தும் ஒரு வரி சட்டம் மிஞ்சாது.

நடுத்தீர்ப்பு நம் மரபுதான், கண்டி இராச்சியத்தின் கம்சபா இருந்ததே என்று சிலர் வரலாற்றையும் இழுக்கிறார்கள். கம்சபா அந்த ஊரிலேயே, அந்த ஊர்க்காரர் முன்னால் கூடியது. அதை இங்கே உதாரணம் காட்டுகிறவர்கள் என் பக்கத்துக்கே சாட்சி சொல்கிறார்கள்.

அயல்நாட்டில் இதே கேள்வி எப்படிக் கையாளப்பட்டது என்பதையும் பார்க்கலாம், அவர்கள் தவறிய இடமும் பாடம்தான். கேரளத்தில் கல்லடா நீர்ப்பாசனத் திட்டத்தின் ஒப்பந்தங்களில் நடுத்தீர்ப்பு வாசகம் இருந்தது. நடுத்தீர்ப்பாளர்களும் கொந்தராத்துக்காரர்களும் கைகோத்து அரசின் காசைக் கரைக்கிறார்கள் என்று குற்றம் சாட்டிய மாநில அரசு, 1998இல் ஒரு சட்டம் போட்டு அந்த வாசகங்களை இரத்துச் செய்தது. அதோடு நிற்காமல், ஏற்கெனவே வழங்கிய தீர்ப்புகளையும் திரும்பத் திறக்கலாம் என்றது. அது நீதித்துறை அதிகாரத்தில் கைவைப்பது என்று இந்திய உச்ச நீதிமன்றம் 2022 மே மாதத்தில் அந்தச் சட்டத்தைச் செல்லாததாக்கியது. சரியான முடிவு. தோற்ற ஆட்டத்தின் விதியை ஆட்டம் முடிந்த பிறகு மாற்ற அரசுக்கு உரிமையில்லை.

பிறகு 2024 ஜூன் 3ஆம் திகதி இந்திய நிதியமைச்சு ஒரு சுற்றறிக்கை விட்டது. அரச கொள்வனவு ஒப்பந்தங்களில் நடுத்தீர்ப்பை வழக்கமாகச் சேர்க்க வேண்டாம், சேர்த்தாலும் 10 கோடி ரூபாவுக்குக் குறைந்த தகராறுகளுக்கு மட்டும் என்பது அதன் சாரம். நடுத்தீர்ப்பு எதிர்பார்த்த அளவுக்கு விரைவாக இல்லை, செலவு கூடியது, தவறான முடிவைத் திருத்த வழியில்லை என்று அது சொன்ன காரணங்கள் ஏறக்குறைய நான் மேலே சொன்னவைதான். ஆனால் முடிவு தலைகீழ். பெரிய தொகையில் தோற்றுத் தோற்றுச் சலித்த அரசு தன் காசைக் காப்பாற்றப் பார்த்திருக்கிறது, அதனால் பெரியதை நீதிமன்றத்துக்கு அனுப்பிவிட்டுச் சின்னதை நடுத்தீர்ப்பில் விட்டுவிட்டது. நடுத்தீர்ப்பின் செலவைத் தாங்கக்கூடியவன் பெரியவன். சின்னவனைத்தான் முதலில் அதிலிருந்து விடுவிக்க வேண்டும்.

பெரிய வேலைகளுக்கு நடுத்தீர்ப்பு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. வெளிநாட்டுக் கம்பனி இலங்கை நீதிமன்றத்தில் இலங்கை அரசை எதிர்த்து வழக்காட விரும்பாது, கடன் கொடுக்கும் வங்கியும் விடாது. அந்த உலகத்துக்காக எழுதப்பட்டது நடுத்தீர்ப்புச் சட்டம். சர்வதேச மாதிரிகளைப் பார்த்து ஆக்கப்பட்டதும் அதற்காகத்தான். ஃபிடிக் என்ற சர்வதேசக் கட்டுமான மாதிரி ஒப்பந்தத்தில் 28 நாட்களுக்குள் கோரிக்கை அறிவித்தல் கொடுக்க வேண்டும் என்ற விதியைக் கவனிக்க அங்கே தனிப் பிரிவே இருக்கும். அந்த மாதிரியின் நிழலில் அச்சான பத்திரத்தைப் பன்வில மதிலுக்கும் ஒட்டி வைத்ததுதான் கோளாறு.

இதை மாற்றப் பாராளுமன்றம் கூட வேண்டியதில்லை. நடுத்தீர்ப்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவைக் கவனமாகப் படியுங்கள். நடுத்தீர்ப்பு வாசகம் உள்ள ஒப்பந்தம் பற்றி ஒருவர் வழக்குப் போட்டால், மற்றத் தரப்பு ஆட்சேபித்தால் மட்டுமே நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லாமல் போகும். ஆட்சேபிக்காவிட்டால் வழக்கு நடக்கும். ஆகவே ஒரு குறிப்பிட்ட தொகைக்குக் குறைந்த கட்டுமானத் தகராறுகளில் எந்த அரச நிறுவனமும் இந்த ஆட்சேபத்தை எழுப்பக் கூடாது என்று திறைசேரி ஒரு பக்கச் சுற்றறிக்கை விட்டால் போதும். இன்றைய நிலைமை என்னவென்றால், கொந்தராத்துக்காரர் துணிந்து கண்டியில் வழக்குப் போட்டாலும் முதல் தவணையிலேயே ஐந்தாம் பிரிவு என்று எழுந்து நிற்கிறார்கள். அவரைப் போகச் சொல்லும் நடுத்தீர்ப்புக்குத் தங்கள் பங்குக் கட்டணத்தைக் கட்டுகிறார்களா என்றால் அதுவும் இழுபறி. நீதிப்பேராணை கேட்கலாமென்றால் அதுவும் அடைப்பு. வெறும் ஒப்பந்த விவகாரத்தில் ரிட் கிடையாது என்று நம் நீதிமன்றங்கள் 1980களிலிருந்து சொல்லி வருகின்றன. ஒரு வாசல் மூடி, இன்னொன்றில் நுழைவுக் கட்டணம் எட்டாத உயரத்தில் என்றால், அவர் போகக்கூடிய இடம் வட்டிக்கடைதான்.

நீதிமன்றத் தாமதத்தை அப்படியே விட்டுவிடச் சொல்லவில்லை. 2022இல் சிறு கோரிக்கை நீதிமன்றங்களுக்கான செயல்முறைச் சட்டம் நிறைவேறியது. கடன் கொடுத்தவருக்கும் கடை வைத்திருப்பவருக்கும் திறக்கும் அந்த வழி அரசாங்கத்துக்கு மதில் கட்டியவருக்கு மட்டும் ஏன் அடைபட வேண்டும்? இன்னும் நல்ல வழி வெளியே சோதித்துப் பார்க்கப்பட்டிருக்கிறது. பிரித்தானியாவில் 1996ஆம் ஆண்டின் சட்டத்தின்படி, கட்டுமானக் கொடுப்பனவுத் தகராறை ஓர் அட்ஜுடிகேட்டர் 28 நாட்களில் தீர்க்க வேண்டும். முதலில் காசைக் கொடு, பிறகு ஆறுதலாக வழக்காடு என்பது அதன் தத்துவம். சிங்கப்பூர் 2004இலும் மலேசியா 2012இலும் இதே போன்ற சட்டங்களை இயற்றின. நம்முடைய ஒப்பந்தப் பத்திரங்களிலும் அட்ஜுடிகேட்டர் என்ற சொல் இருக்கிறது, ஆனால் அவர் சொன்னதை உடனே நிறைவேற்ற வைக்கும் சட்டம் பின்னால் இல்லை. திணைக்களம் அதிருப்தி என்று ஒரு கடிதம் எழுதினால் கதை பழையபடி நடுத்தீர்ப்புக்குப் போகும்.

கடைசியாக ஓர் ஆட்சேபம் வரும். வாசலைத் திறந்துவிட்டால் ஆளுக்கொரு வழக்குப் போட்டுப் பிரதேச சபைகளை முடக்கிவிடுவார்கள் என்பார்கள். இந்தப் பயத்தைச் சொல்பவர்களுக்குக் கொந்தராத்துக்காரரைத் தெரியாது. அடுத்த வேலைக்கும் அதே கந்தோர், அதே உத்தியோகத்தர், அதே விலைமனுப் பெட்டி. அரசாங்கத்தோடு கோர்ட்டில் நின்றவருக்கு அடுத்த முறை வேலை கிடைக்காது என்ற பேச்சே பாதிப் பேரை அடக்கிவிடும். சட்டமா அதிபருக்கு எதிராக வழக்கென்றால் ஒரு மாத முன்னறிவித்தலும் கொடுக்க வேண்டும். அதையெல்லாம் தாண்டி வருகிறவர் வேறு வழியே இல்லாமல்தான் வருவார்.

2025 நவம்பர் கடைசியில் டித்வா புயல் மலையகத்தைப் புரட்டிப் போட்ட பிறகு, கண்டி மாவட்டத்தில் கட்ட வேண்டிய மதில்களுக்கும் மதகுகளுக்கும் குறைவில்லை. அவற்றை அவசரத்தில்தான் கட்டுவார்கள், வாய்மொழி உத்தரவில்தான் வெட்டுவார்கள். அத்திவாரம் பி.ஓ.கியூ.வில் போட்ட ஆழத்தில் நிற்கப் போவதில்லை. அந்த விலைமனுப் பத்திரங்களின் நிபந்தனைப் பக்கத்தில் ஒரு வரியை மாற்றுவதற்குத் திறைசேரிக்கு ஒரு காசும் செலவில்லை.